சொந்தமாக ரோல்பிளேயிங் கேம் எழுதி விற்கப் போகிறவர்களுக்கு

இப்போது பார்க்கிற வேலையை விடாதீர்கள். டேபிள்டாப் ரோல்பிளேயிங் கேம் எழுதியே பிழைக்க முடியுமா என்றால், சிலரால் முடிகிறது. ஆனால் அந்தச் சிலரில் பெரும்பாலானவர்கள் பல வருடம் பகலில் வேறு வேலை பார்த்து, ராத்திரி எழுதி, லீவு நாளில் கவர் ஒட்டித் தபாலில் போட்டு வந்தவர்கள். பயமுறுத்த இதைச் சொல்லவில்லை. சம்பளம் ஒரு பக்கம் வந்துகொண்டிருந்தால் உங்கள் முதல் கேம் சின்னதாக இருக்கலாம், பத்துப் பேர் மட்டும் வாங்கலாம், குடி முழுகிவிடாது. அந்த நிம்மதி இல்லாதவர்கள்தான் முதல் முயற்சியிலேயே 300 பக்கப் புத்தகத்தில் இறங்கி, நாற்பதாவது பக்கத்தில் நின்றுவிடுகிறார்கள்.

புதிதாகக் கேள்விப்படுபவர்களுக்கு இரண்டு வரி. நாலைந்து பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து, ஆளுக்கொரு கதாபாத்திரம் எடுத்துக்கொண்டு, "நான் கதவை உடைக்கிறேன்", "நான் காவலாளியிடம் பொய் சொல்கிறேன்" என்று வாயால் சொல்லி, பலிக்குமா என்பதைப் பகடை உருட்டிப் பார்த்து, சேர்ந்தே ஒரு கதையை உண்டாக்குகிற ஆட்டம் இது. 1974-இல் கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் கொண்டுவந்த டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸில் (சுருக்கமாக டி அண்ட் டி) தொடங்கியது. அது இன்று ஹாஸ்ப்ரோ என்கிற பெரிய பொம்மை கம்பெனியிடம் இருக்கிறது. இண்டி டிசைனர் என்றால் அந்த மாதிரி கம்பெனிக்கு எழுதாமல், தானே எழுதி, உரிமையைத் தன்னிடமே வைத்துக்கொண்டு, தானே விற்பவர். அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும்தான் சந்தை பெரிது, வாங்குகிறவர்களும் அங்கேதான் அதிகம். அதனால் கீழே சொல்வதெல்லாம் அந்தச் சந்தையை வைத்துத்தான், நம் ஊரிலிருந்து செய்தால் எங்கே இடிக்கும் என்பதை அங்கங்கே சொல்கிறேன்.

எழுதுவதற்கு முன்னால்

டி அண்ட் டி மட்டும் ஆடிவிட்டு கேம் எழுத உட்காராதீர்கள். அப்படி எழுதினால் வருவது அதே ஆட்டம்தான், வாள் சண்டை விதி மட்டும் கொஞ்சம் மாறியிருக்கும். இந்த வகைக்கு 2002-லேயே கேம் டிசைனர் ரான் எட்வர்ட்ஸ் 'ஃபேன்டசி ஹார்ட்பிரேக்கர்' என்று பெயர் வைத்துவிட்டார். ஆசையாக உழைத்துச் சேமிப்பையும் போட்டுக் கொண்டுவந்து, யாரும் வாங்காமல் மனம் உடைந்த புத்தகங்கள் அவை.

குறைந்தது மூன்று வகையை ஆடிப் பாருங்கள். கேம் மாஸ்டர், அதாவது ஆட்டத்தை நடத்துகிற ஒருவரை வைத்து ஆடுவது ஒன்று. இதற்கு யோகாய் கால் எழுதிய கெய்ர்ன் நல்லது, விதிகள் முழுவதும் இலவசம், அரை மணியில் படித்துவிடலாம். கேம் மாஸ்டரே இல்லாதது இன்னொன்று. 2009-இல் வந்த ஃபியாஸ்கோ, அல்லது ஏவரி ஆல்டரின் தி கொயட் இயர். பின்னதில் ஒரு கட்டுச் சீட்டின் 52 சீட்டும் ஒரு வருடத்தின் 52 வாரம், வாரத்துக்கு ஒரு சீட்டைத் திருப்பி, எல்லோரும் சேர்ந்து ஒரே வரைபடத்தில் ஒரு ஊரை வரைந்துகொண்டே போக வேண்டும். மூன்றாவது, தனியாக உட்கார்ந்து எழுதி ஆடுவது. டிம் ஹட்சிங்ஸின் தௌசண்ட் இயர் ஓல்ட் வாம்பயர் அந்த வகை, அதில் உங்கள் பாத்திரம் புது நினைவுகளுக்கு இடம் பண்ணப் பழையதை அடித்துவிட வேண்டியிருக்கும்.

ஆடும்போது கதையை மட்டும் கவனிக்காமல், எந்த விதி எந்த நடத்தையை வரவழைத்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். நினைவை அடிக்க வேண்டும் என்கிற ஒரே விதி போதும், அந்த ஆட்டம் முழுக்கத் துக்கம் படிந்துவிடுகிறது. துக்கமாக ஆடுங்கள் என்று எங்கும் எழுதவில்லை. டிசைன் என்பது இந்த வேலைதான். கிரிட்டிகல் ரோல் மாதிரி நிகழ்ச்சி பார்ப்பது ஜாலிதான், ஆனால் அதில் ஆடுபவர்கள் தொழில்முறைக் குரல் நடிகர்கள். எந்த விதியைக் கொடுத்தாலும் சுவையாக ஆக்கிவிடுவார்கள் என்பதால் விதி நல்லதா மோசமா என்று அங்கே தெரியாது.

ஒரே பக்கம்

முதல் கேம் ஒரு பக்கம். ஏ4 தாளில் இரண்டு பக்கம் போனாலும் சரி, அதற்கு மேல் வேண்டாம்.

ஜான் ஹார்பர் 2013-இல் போட்ட லேசர்ஸ் அண்ட் ஃபீலிங்ஸ் ஒரே பக்கம்தான். 2 முதல் 5 வரை ஒரு எண்ணைத் தேர்ந்தெடுத்துக்கொள்ள வேண்டும், உங்கள் பாத்திரத்துக்கு அந்த ஒரு எண் மட்டும்தான். இயந்திரம், அறிவு, நிதானம் சம்பந்தப்பட்ட காரியம் என்றால் பகடையில் அந்த எண்ணுக்குக் கீழே விழ வேண்டும், மனசு, பேச்சு, ஆவேசம் என்றால் மேலே விழ வேண்டும். ஒன்றில் கெட்டிக்காரராக இருந்தால் மற்றதில் தானாகவே சொதப்பல், தனியாகச் சமநிலை பார்க்க வேண்டியதே இல்லை. சரியாக அதே எண் விழுந்தால் கேம் மாஸ்டரிடம் ஒரு கேள்வி கேட்கலாம், உண்மையான பதில் கிடைக்கும். கிராண்ட் ஹோவிட்டின் ஹனி ஹைஸ்ட் 2017-இல் வந்தது. நீங்கள் ஒரு கரடி, தேன் திருடப் போகிறீர்கள். 'கரடி', 'கிரிமினல்' என இரண்டே குணம், இரண்டும் 3-இல் தொடங்கும், ஆட்டத்தில் ஒன்று ஏறினால் மற்றது இறங்கும், எது 6-ஐத் தொட்டாலும் உங்கள் கதை முடிந்தது. இரண்டையும் பிரிண்ட் எடுத்துச் சுவரில் ஒட்டி வைத்துக்கொள்ளலாம், அவ்வளவு பாடம் இருக்கிறது.

உங்கள் பக்கத்தில் இருக்க வேண்டியவை: ஆடுகிறவர்கள் யார், அவர்களுக்கு இப்போது என்ன வேண்டும், எப்போது பகடை உருட்டுவது, தோற்றால் என்ன நடக்கும், ஆட்டம் எப்போது முடியும். கடைசி இரண்டையும்தான் புதியவர்கள் மறப்பார்கள். தோற்றால் "ஒன்றும் நடக்கவில்லை" என்று விட்டால் மேசையில் எல்லோரும் அடுத்தவர் முகத்தைப் பார்ப்பார்கள். பூட்டு திறக்கவில்லை, இன்னொரு தடவை உருட்டட்டுமா, இன்னொரு தடவை... இப்படிப் போகும். தோல்வி எப்போதும் நிலைமையை மாற்ற வேண்டும், பூட்டு திறக்கும் ஆனால் சத்தம் கேட்டுவிடும் என்பது மாதிரி.

எழுதி முடித்ததும் அதை, இண்டி கேம்கள் விற்கிற தளமான இட்ச் டாட் ஐஓ-வில் நடக்கிற ஏதாவது ஒரு கேம் ஜாமில் போட்டுவிடுங்கள். ஜாம் என்றால் போட்டி மாதிரி, ஒரு தலைப்பு, ஒரு கடைசித் தேதி, எல்லோரும் எழுதிப் போடுவார்கள், பரிசு பெரும்பாலும் இருக்காது. அந்தக் கடைசித் தேதிதான் பரிசு. முடிக்கிற பழக்கம் வராமல் இந்தத் துறையில் இனி சொல்லப்போகிற எதுவும் பயன்படாது, அதனால் இப்படி இரண்டு மூன்று சின்னதை முடித்து வெளியே விட்டபிறகுதான் அடுத்த பகுதிகளைத் தீவிரமாகப் படிக்கச் சொல்வேன்.

விதிகளை எங்கிருந்து எடுப்பது

எல்லாவற்றையும் புதிதாகக் கண்டுபிடிக்கத் தேவையில்லை. அமெரிக்கச் சட்டப்படி ஒரு விளையாட்டு எப்படி ஆடப்படுகிறது என்கிற முறைக்குப் பதிப்புரிமை (காப்பிரைட்) கிடையாது, அதை விளக்கி எழுதிய வாக்கியங்களுக்கும் படங்களுக்கும்தான் உண்டு. இருபது பக்கப் பகடையை உருட்டிக் கூட்டுவதை யாரும் தடுக்க முடியாது, அடுத்தவர் பத்தியை அப்படியே எடுத்து ஒட்டினால்தான் வம்பு. பெயர்களும் லோகோவும் டிரேட்மார்க், அது தனிக் கணக்கு.

அப்படியே எடுத்து ஒட்டவும் அனுமதி கொடுத்த கேம்கள் உண்டு. எஸ்ஆர்டி என்று சொல்கிற விதித்தொகுப்பை உரிமத்தோடு வெளியிட்டிருப்பார்கள். ஃபேட், பிளேட்ஸ் இன் த டார்க் இரண்டும் கிரியேட்டிவ் காமன்ஸ் என்கிற பொது உரிமத்தில் இருக்கின்றன, எழுதியவர் பெயரைப் போட்டால் போதும். கெய்ர்னும் கிரியேட்டிவ் காமன்ஸ்தான், ஆனால் 'ஷேர்-அலைக்' வகை. அதன் வரிகளை எடுத்தால் உங்கள் எழுத்தையும் அதே உரிமத்தில் பிறருக்குத் திறந்துவிட வேண்டும், இதைக் கவனிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். வின்சென்ட் பேக்கரும் மெகி பேக்கரும் 2010-இல் எழுதிய அபோகலிப்ஸ் வேர்ல்டின் முறையை எடுத்துக்கொள்ள அனுமதியே கேட்க வேண்டாம் என்று அவர்களே சொல்லிவிட்டார்கள், அதிலிருந்து கிளைத்த கேம்கள் எக்கச்சக்கம்.

டி அண்ட் டி விதிகளை 2000 முதல் ஓஜிஎல் என்ற உரிமத்தில் எல்லோரும் பயன்படுத்தி வந்தார்கள். 2023 ஜனவரியில் அந்த உரிமத்தை மாற்றி எழுதிய வரைவு கசிந்து, பெரிய ரகளையாகி, ஆடுகிறவர்கள் டி அண்ட் டி இணையதளச் சந்தாவை ரத்து பண்ணுவது வரை போய், அதே மாதக் கடைசியில் விதித்தொகுப்பு 5.1-ஐ கிரியேட்டிவ் காமன்ஸில் விட்டார்கள். கிரியேட்டிவ் காமன்ஸில் ஒருமுறை விட்டதைத் திரும்ப வாங்க முடியாது என்பதால் இப்போது தைரியமாகப் பயன்படுத்தலாம். ஆனால் டி அண்ட் டிக்கென்றே இருக்கிற விற்பனைத் தளமான டிஎம்ஸ் கில்ட் வேறு. அங்கே டி அண்ட் டியின் உலகங்களையும் பாத்திரங்களையும் வைத்தே எழுதலாம், பதிலுக்கு வரவில் பாதிதான் உங்களுக்கு, எழுதியதை வேறெங்கும் விற்கவும் முடியாது. பயிற்சிக்கு ஒன்றிரண்டு எழுதுங்கள், நீங்கள் பொத்திப் பொத்தி வளர்த்த உலகத்தைக் கொண்டுபோய் அங்கே போட்டுவிடாதீர்கள்.

பிளேடெஸ்ட்

பிளேடெஸ்ட் என்றால் ஆடிச் சோதிப்பது, இங்கே அவசரப்படக் கூடாது. முதலில் பகடைக் கணக்கு. அபோகலிப்ஸ் வேர்ல்டில் இரண்டு ஆறுமுகப் பகடையைக் கூட்டுவார்கள்: 10-உம் மேலும் என்றால் முழு வெற்றி, 7 முதல் 9 என்றால் காரியம் நடக்கும் ஆனால் ஒரு விலை உண்டு, 6-உம் கீழும் என்றால் வம்பு. சேர்க்கை எதுவும் இல்லாமல் முழு வெற்றி 36-இல் 6 தடவை, நடுநிலை 15, வம்பு 15. குணத்துக்கு +1 சேர்த்தால் 10, 16, 10. +3 சேர்த்தால் முழு வெற்றி 21 தடவை, வம்பு வெறும் 3. இதில் என்ன தெரிகிறது என்றால், +3-க்கு மேலே போனால் வம்பு அநேகமாக வராது, வம்பு வராவிட்டால் கதை நகராது. அதனால்தான் இந்தக் குடும்பத்துக் கேம்களில் பெரும்பாலும் +3-ஓடு நிறுத்திவிடுவார்கள். 'சும்மா ஒரு +1 கொடுப்போம்' என்று நீங்கள் நாலு இடத்தில் கொடுத்தால் உங்கள் கேம் எங்கே போய் நிற்கும் என்று இதிலிருந்தே பார்த்துக்கொள்ளலாம். எனிடைஸ் என்ற இலவசத் தளத்தில் எந்தப் பகடைக்கும் இந்தச் சதவீதத்தைப் போட்டுப் பார்க்கலாம், எழுதுவதற்கு முன்னால் ஒரு மாலை அதில் செலவு செய்யுங்கள்.

அப்புறம் ஆட்கள். முதல் சுற்று உங்கள் நண்பர்களோடு, நீங்களே நடத்தி. அவர்கள் உங்களுக்காகச் சிரிப்பார்கள், பரவாயில்லை, பெரிய ஓட்டைகள் இதிலேயே தெரிந்துவிடும். இரண்டாம் சுற்றில் வேறொருவர் நடத்த, நீங்கள் ஓரமாக உட்கார்ந்து பார்க்க வேண்டும், வாயைத் திறக்கக் கூடாது. இது ரொம்பக் கஷ்டம், "அது அப்படியில்லை" என்று நாக்கு நுனி வரை வரும். அதை விழுங்கிக்கொண்டு எழுதி வையுங்கள், அந்த வாக்கியம்தான் உங்கள் பிரதியில் விட்டுப்போன வாக்கியம். மூன்றாம் சுற்று, உங்களைத் தெரியாதவர்கள், நீங்கள் இல்லாமல், பிடிஎஃப்பை மட்டும் வைத்து ஆடுவது. இதைத் தாண்டாமல் காசுக்கு விற்காதீர்கள்.

நம் வீட்டு மேசையில் தமிழில் ஆடித்தான் சோதிப்பீர்கள், அதில் தப்பே இல்லை, விதி வேலை செய்கிறதா என்பது எந்த மொழியிலும் தெரியும். ஆனால் ஆங்கிலத்தில் விற்கப் போகிறீர்கள் என்றால் மூன்றாம் சுற்று ஆங்கிலப் பிரதியை வைத்துத்தான் நடக்க வேண்டும், டிஸ்கார்டில் ஆள் கிடைப்பார்கள். அமெரிக்காவில் இருப்பவர்களுக்கு நியூஜெர்சியில் நவம்பரில் கூடுகிற மெட்டாடோப்பியா இருக்கிறது, முடியாத கேம்களைக் கொண்டுவந்து சோதிப்பதற்கென்றே நடக்கிற கூட்டம் அது.

ஆடி முடிந்ததும் "பிடிச்சிருந்ததா?" என்று கேட்காதீர்கள், பிடித்தது என்றுதான் சொல்வார்கள். எந்த இடத்தில் தாளைத் திரும்பத் தேடினீர்கள், எப்போது உங்கள் முறை வரக் காத்திருந்து அலுத்தது, எந்த விதியை ஒரு தடவைகூடத் தொடவில்லை என்று கேளுங்கள். யாரும் தொடாத விதியை வெட்டுங்கள். அவர்கள் சொல்கிற பிரச்சினையை நம்பலாம், அதற்கு அவர்கள் சொல்கிற தீர்வை அப்படியே நம்ப வேண்டியதில்லை. ஆடியவர்கள் பெயரைப் புத்தகத்தில் போடுங்கள், கேட்டுவிட்டுப் போடுங்கள்.

புத்தகமாக்குவது

இரண்டாவது கட்டமாக ஜீன் என்று அங்கே சொல்கிற கைப்புத்தகம். ஏ5 அளவு, நடுவில் பின் அடித்தது, 24 முதல் 48 பக்கம். சென்டர் பின் அடிப்பதால் பக்க எண்ணிக்கை 4-ஆல் வகுபட வேண்டும், 30 பக்கம் எழுதிவிட்டு அச்சகத்தில் போய் நின்றால் இரண்டு வெற்றுப் பக்கம் சேர்ப்பார்கள்.

லே-அவுட்டுக்கு ஸ்கிரைபஸ் இலவசம், அஃபினிட்டியில் செய்பவர்களும் நிறைய, இன்டிசைன் ஏற்கெனவே தெரிந்தால் மட்டும். ஃபாண்டுக்கு திறந்த உரிமம் இருக்கிறதா என்று பாருங்கள். ஆடும்போது தேவைப்படும் அட்டவணை ஒரே விரிப்பில், அதாவது புத்தகத்தைத் திறந்தால் எதிரெதிரே தெரிகிற இரண்டு பக்கத்துக்குள், முடிந்துவிட வேண்டும். பகடையைக் கையில் வைத்துக்கொண்டு பக்கம் புரட்ட வைப்பது பாவம். மோர்க் போர்க் என்ற கேம் புத்தகத்தின் மஞ்சளும் எழுத்துக் கலவரமும் பார்த்து அதே மாதிரி செய்யத் தோன்றும். அதை வடிவமைத்த யோஹான் நோர் தொழில்முறை கிராஃபிக் டிசைனர், அந்தக் குழப்பத்துக்குள் எல்லாம் அதனதன் இடத்தில் இருக்கிறது. நமக்கு முதலில் படிக்கும்படி இருந்தால் போதும்.

படத்துக்குக் காசு இல்லையா? நியூயார்க்கின் மெட் மியூசியம் 2017-இல் உரிமை தீர்ந்த தன் படைப்புகளின் படங்களை யாரும் எதற்கும் பயன்படுத்தலாம் என்று திறந்துவிட்டது, பழைய செதுக்கோவியங்கள் கறுப்பு வெள்ளைப் புத்தகத்துக்கு அருமையாகப் பொருந்தும். ஓவியரிடம் வாங்கினால் எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும்: எந்த அளவு, எத்தனை திருத்தம், அச்சுக்கும் பிடிஎஃப்புக்கும் விளம்பரத்துக்கும் சேர்த்தா, பாதி முன்பணம் எப்போது. ஏஐ படம் வேண்டாம் என்பது என் கருத்து. இந்த வட்டத்தில் வாங்குபவர்கள் அதைக் கண்டாலே விலகிப் போகிறார்கள், இந்தத் துறையின் பெரிய விருதான என்னிஸும் ஏஐ கலந்த படைப்புகளை ஏற்பதில்லை என்று முடிவெடுத்துவிட்டது. எடிட்டருக்குக் கொடுக்கிற காசை மட்டும் மிச்சம் பிடிக்காதீர்கள்.

எங்கே விற்பது

இரண்டு கடை. இட்ச் முதலில், தளத்துக்கு எத்தனை சதவீதம் என்பதை விற்பவரே முடிவு செய்யலாம், மாற்றாமல் விட்டால் 10. டிரைவ்த்ரூ ஆர்பிஜி இரண்டாவது, அங்கே மட்டும் விற்றால் உங்களுக்கு 70 சதவீதம், வேறிடத்திலும் விற்றால் 65. இட்சில் டிசைனர்களும் புதுமை தேடுபவர்களும் சுற்றுவார்கள், டிரைவ்த்ரூவில் தேடி வந்து வாங்கிப் போகிற பழைய வாடிக்கையாளர்கள். ஐந்து சதவீதத்துக்காக ஒரு கடையோடு நிற்காதீர்கள்.

ஒரு பக்க கேமை இலவசமாகவோ விரும்பியதைக் கொடுங்கள் என்றோ விடுங்கள், ஜீனின் பிடிஎஃப்புக்கு 5 முதல் 10 டாலர் வரை வைக்கலாம். புதியவர்கள் கூச்சப்பட்டு 1 டாலர் வைப்பார்கள், அதனால் வாங்குபவர் கூடுவதில்லை. வாங்க முடியாதவர்களுக்கு 'கம்யூனிட்டி காப்பி' என்று சில பிரதிகளை இலவசமாக ஒதுக்குவது இட்சில் வழக்கம், யாராவது வாங்கினால் இன்னொரு இலவசப் பிரதி சேர்கிற மாதிரி. நல்ல வழக்கம், செய்யுங்கள். விற்பனைப் பக்கத்தின் முதல் வரியில் ஆடுகிறவர் யாராக இருந்து என்ன செய்வார் என்று சொல்லிவிடுங்கள், உங்கள் உலகத்தின் மூவாயிரம் வருட வரலாறு கீழே எங்காவது இருக்கட்டும்.

2020 ஜூனில் இட்சில் இன நீதிக்காக ஒரு பெரிய பண்டில், அதாவது பல படைப்புகளைச் சேர்த்து ஒரே கட்டாக விற்பது, போட்டு 80 லட்சம் டாலருக்கு மேல் திரட்டினார்கள், ஆயிரத்துச் சொச்சம் படைப்புகள் அதில். நல்ல காரியம்தான், ஆனால் பண்டிலில் வாங்கியதை எத்தனை பேர் திறந்து பார்ப்பார்கள் என்பது உங்களுக்கே தெரியும். பண்டிலில் சேர்ந்தால் பெயர் பரவும் என்று நம்பி உட்காராதீர்கள்.

பெயர் பரவ மின்னஞ்சல் பட்டியல்தான் வழி. கூகுள் பிளஸ் ஒரு காலத்தில் இந்த டிசைனர்களின், குறிப்பாகப் பழைய பாணி கேம் எழுதுகிறவர்களின், திண்ணையாக இருந்தது. 2019 ஏப்ரலில் மூடியபோது வருடக்கணக்கில் சேர்ந்த கூட்டம் ஆளுக்கொரு திசையில் சிதறிப்போனது. சமூக ஊடகத்தில் இருக்கிற கூட்டம் அந்தக் கம்பெனியின் கூட்டம். கெல்சி டியோன் முதலில் டி அண்ட் டியின் ஐந்தாம் பதிப்புக்கான சிறு சாகசங்களை (ஒரு கேமை வைத்து ஆடுவதற்கான தயார்க் கதைகளை) எழுதி விற்று, தன் மின்னஞ்சல் வாசகர்களை வருடக்கணக்கில் சேர்த்து, அதற்கப்புறம்தான் 2023-இல் தன் ஷேடோடார்க் கேமை, ஆதரவாளர்களிடம் முன்பணம் திரட்டுகிற தளமான கிக்ஸ்டார்ட்டரில் விட்டார். பத்து லட்சம் டாலரைத் தாண்டியது. முதல் ஒரு பக்க கேமிலிருந்தே "அடுத்தது வந்தால் சொல்கிறேன்" என்று ஒரு இணைப்பு வையுங்கள், இரண்டு மாதத்துக்கு ஒரு கடிதம் போதும்.

அச்சும் கிக்ஸ்டார்ட்டரும்

2019 பிப்ரவரியில் கிக்ஸ்டார்ட்டர் ஜீன்குவெஸ்ட் என்று ஒரு மாதத்தை இந்தக் கைப்புத்தகங்களுக்கென ஒதுக்கியது, அதில் முதல் புத்தகம் போட்டவர்கள் நிறைய. நம்மவர்களுக்கு ஒரு சிக்கல்: கிக்ஸ்டார்ட்டரில் திட்டம் தொடங்கக்கூடிய நாடுகளின் பட்டியலில் சிங்கப்பூர் உண்டு, இந்தியாவும் இலங்கையும் மலேசியாவும் இல்லை. பட்டியலில் உள்ள நாட்டில் இருக்கிற பதிப்பாளரோடு சேர்ந்து போடலாம், அல்லது இட்சிலேயே இலக்குத் தொகை வைத்து முன்விற்பனை செய்யலாம்.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம், எண்கள் உதாரணத்துக்குத்தான். 300 பேர் 12 டாலர் வீதம், தபால் தனி. 3,600 டாலர். கிக்ஸ்டார்ட்டர் 5 சதவீதம், 180. பணப் பரிமாற்றம் 3 சதவீதமும் ஆளுக்கு 20 சென்ட்டும், 168. ஓவியத்துக்கு 600, 12,000 சொல்லை எடிட் செய்யச் சொல்லுக்கு 4 சென்ட் என்றால் 480, 400 பிரதி அச்சு தலா இரண்டரை டாலர் என்றால் 1,000, கவர் அட்டை வகையறா 150. மிச்சம் 1,022. நீங்கள் 200 மணி நேரம் உழைத்திருந்தால் மணிக்கு 5 டாலர் சொச்சம், வரிக்கு முன்னால். அமெரிக்கக் கூட்டரசின் குறைந்தபட்சக் கூலியே 7.25. திட்டம் 'வெற்றி' என்று சொல்லப்படுகிற நிலைமையில் இது.

லாபம் அந்த மிச்சமிருக்கிற 100 பிரதியிலும், அதற்கப்புறம் வருடக்கணக்கில் விற்கிற பிடிஎஃப்பிலும்தான் இருக்கிறது. அதனால்தான் ஒரு கேமை நம்பாமல் ஏழெட்டு வைத்திருக்கச் சொல்கிறார்கள், எட்டாவதை வாங்க வந்தவர் முதலாவதையும் எடுத்துப் பார்ப்பார்.

முழுகிப்போன திட்டங்கள் பெரும்பாலும் தபாலில் முழுகியவை. கண்டம் தாண்டி அனுப்புகிற செலவு புத்தக விலையைத் தாண்டிவிடும், ஐரோப்பாவுக்கு வாட் வரி வேறு. தபால் கூலியை ஆரம்பத்திலேயே சேர்த்து வாங்காதீர்கள், அனுப்புகிற சமயத்தில் அன்றைய விலைக்கு வாங்குங்கள். இலக்குத் தொகையைத் தாண்டினால் டி-ஷர்ட், கூடுதல் அத்தியாயம் என்று வாக்குக் கொடுக்காதீர்கள். எழுதி முடிக்காத புத்தகத்துக்குப் பணம் கேட்காதீர்கள். ஜான் ஹார்பர் 2015-இல் பணம் திரட்டிய பிளேட்ஸ் இன் த டார்க் புத்தகமாக வந்தது 2017-இல். அதற்குள் அவர் பல வருடம் சின்னக் கேம்களை முடித்துக் காட்டியிருந்ததால் ஜனங்கள் பொறுத்தார்கள்.

இந்தியாவிலிருந்து செய்கிறவர்களுக்கு டிரைவ்த்ரூவின் பிரின்ட்-ஆன்-டிமாண்ட் பெரிய வசதி. ஆர்டர் வந்தால் வெளிநாட்டிலேயே ஒரு பிரதி அச்சாகி நேரே வாங்குபவருக்குப் போய்விடும், சரக்கு பிடித்து வைக்க வேண்டாம். பிரதிக்கு லாபம் குறைவு, அச்சுத் தரமும் சுமார்தான், ஆனால் வரிசையில் நின்று பார்சல் போட வேண்டாம். கடைகளுக்குக் கொடுக்க ஆசை இருந்தால் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள், கடைக்காரர் பாதி விலைக்கு எடுப்பார், நடுவில் விநியோகஸ்தர் இருந்தால் இன்னும் குறையும். அச்சுச் செலவு விலையில் ஐந்தில் ஒரு பங்குக்குள் இருந்தால்தான் கட்டும்.

அடுத்தவர்களுக்கு எழுதுவது

சொந்தக் கேம் இரண்டு மூன்று வந்தபிறகு, "எங்கள் கேமுக்கு ஒரு சாகசம் எழுதித் தர முடியுமா" என்று கேட்பார்கள். சொல்லுக்கு இத்தனை சென்ட் என்று பேசுவார்கள், 5 முதல் 10 சென்ட் என்பது அடிக்கடி காதில் விழுகிற விலை. 5,000 சொல் சாகசம் 5 சென்ட்டில் 250 டாலர், ரூபாயில் நினைத்தால் பரவாயில்லை என்று தோன்றும், அந்த நினைப்பிலேயே விலையைக் குறைத்துச் சொல்லிவிடாதீர்கள். பெரும்பாலும் 'வொர்க் ஃபார் ஹயர்', எழுதிக் கொடுத்ததும் உரிமை அவர்களுக்கு. பணம் ஏற்றுக்கொண்ட பிறகா, புத்தகம் வெளிவந்த பிறகா என்று பாருங்கள். வெளிவந்த பிறகு என்றால் அது இரண்டு வருடம்கூட ஆகலாம். திட்டம் பாதியில் நின்றால் எவ்வளவு தருவார்கள் என்பதையும் எழுதி வாங்குங்கள்.

எதை எழுதுவது என்பதில் ஒரு யோசனை. ஐரோப்பியக் கோட்டையும் மதுக்கடையும் எழுத அங்கேயே ஆயிரம் பேர் இருக்கிறார்கள். 2022-இல் டி அண்ட் டியை வெளியிடுகிற ஹாஸ்ப்ரோவின் கிளை விஸார்ட்ஸ் வெளியிட்ட ரேடியன்ட் சிட்டாடல் தொகுப்பின் 13 சாகசங்களும் வெள்ளையர் அல்லாதவர்கள் எழுதியவை, அதில் மிமி மண்டல் வங்காளத்தை வைத்து எழுதினார். மலேசியாவின் செடெக் சியூ தென்கிழக்காசியத் தீவுகளை வைத்து எழுதியதை மேற்கில் தேடி வாங்கினார்கள். நெய்தல் நிலத்து உப்பளமோ செட்டிநாட்டுப் பூட்டிய வீடோ உங்களுக்குத் தெரிந்த அளவுக்கு அவர்களுக்குத் தெரியாது. ஆனால் கலைச்சொல் அகராதி போட்டுப் பாடம் எடுக்க வேண்டாம், ஆடுகிறவர் அங்கே போய் என்ன செய்வார் என்பதை எழுதுங்கள்.

காகித வேலை

அமெரிக்கத் தளத்தில் விற்கிற வெளிநாட்டவர் டபிள்யூ-8பென் என்கிற வரிப் படிவம் நிரப்ப வேண்டும், ஆன்லைனிலேயே கேள்வி கேட்டு நிரப்பவைப்பார்கள். அது இல்லாவிட்டால் அங்கே ராயல்டி வருமானத்தில் 30 சதவீதம் பிடிக்கலாம், இந்திய-அமெரிக்க வரி ஒப்பந்தப்படி 15 ஆகும், பான் எண்ணைத் தயாராக வையுங்கள். பணம் பேபால், பேயோனியர் வழியாக வரும். இந்தியாவில் பேபால் 2021 ஏப்ரலிலிருந்து உள்நாட்டுப் பரிமாற்றம் செய்வதில்லை, வெளிநாட்டோடு நடக்கிற பரிமாற்றம் மட்டும்தான். ஒவ்வொரு வரவுக்கும் வங்கித் தாளைப் பத்திரப்படுத்தி, வருட முடிவில் ஒரு ஆடிட்டரிடம் கொடுத்துவிடுங்கள்.

கேம் கொஞ்சம் பேர் வாங்கியபிறகு யாராவது "உங்கள் கேமுக்கு நான் ஒரு சாகசம் எழுதி விற்கலாமா" என்று கேட்டு எழுதுவார்கள். பதில் யோசிக்க ஒரு மாதம் எடுத்துக்கொள்ளாமல், முன்னாலேயே ஒரு பக்க உரிமம் எழுதி விற்பனைப் பக்கத்தில் வைத்துவிடுங்கள்: எதைப் பயன்படுத்தலாம், லோகோ போடலாமா, என்ன வாசகம் சேர்க்க வேண்டும். மோர்க் போர்க்கும் மதர்ஷிப் என்ற கேமும் இதைத்தான் செய்தன. மதர்ஷிப் 2018-இல் ஒரு கைப்புத்தகமாக வந்து, வருடத்துக்கொன்றாகச் சாகசங்கள் சேர்ந்து, பிறரும் எழுத, 2021-இல் பெட்டிப் பதிப்புக்கு 14 லட்சம் டாலர் வந்தது. உங்களுக்கு அவ்வளவு வராது, ஆனால் அடுத்தவர் எழுதுகிற ஒவ்வொரு சாகசத்தையும் ஆட உங்கள் கேமை முதலில் வாங்க வேண்டியிருக்கும்.